ஈயத்தாள் சுற்றிய ஃப்யூஸ்

ஏழே கால் மணி. கார்த்திகை மாத இருட்டு. கரசங்காலில் பிரிந்து மணிமங்கலம் போகிற சாலை... மழை அப்போதுதான் விட்டிருந்தது.

பேய்க் கதை என்றால் பன்னிரண்டு மணிக்குத்தான் தொடங்க வேண்டும் என்று சட்டமா என்ன, ஃபயாஸ்? பன்னிரண்டு மணிக்குச் சத்யநாராயணன் தூங்கிவிடுவார். பேயாக இருந்தாலும் அவருடைய சௌகரியம் பார்த்துத்தான் வர வேண்டும். அப்பேர்ப்பட்ட மனிதர்.

எனக்கு நடந்ததில்லை. லச்சுவின் அத்திம்பேருக்கு நடந்தது. லச்சு என்கிற லக்ஷ்மிநாராயணன், என்னோடு பொத்தேரியில் படித்தவன். அவனுடைய அக்கா அபிதகுஜாம்பாள். அக்காவின் கணவர்தான் இந்தச் சத்யநாராயணன். லச்சுவுக்குப் பொய் சொல்ல வராது. சொன்னால் காது சிவந்துவிடும். இதைச் சொன்னபோது சிவக்கவில்லை... வெளுத்திருந்தது.

ரோஸி, அந்த மெழுகுவர்த்தியைக் காற்றுக்கு மறைத்து வையுங்கள். கரண்ட் வருகிறபோது வரட்டும்.

முதலில் மனிதரைத் தெரிந்துகொள்ளுங்கள். வங்கியில் இருந்து ஓய்வு பெற்றவர். விசிட்டிங் கார்டில் பதவி இன்னும் அப்படியே இருக்கிறது. ‘முன்னாள்’ என்ற சொல் மட்டும் எறும்பு அளவு எழுத்தில். இன்னொரு இட்லி வேண்டும் என்பதைக்கூட அறிக்கை வாசிக்கிற குரலில்தான் சொல்வார். அவரிடம் ஒரு பழைய கார். வெள்ளை. என்ன கார் என்று சொன்னால் இங்கேயே ரெண்டு பேர் ‘எங்க மாமாகிட்ட இருந்துச்சு’ என்று ஆரம்பித்துவிடுவீர்கள், கதை நின்றுவிடும். நாலு கதவு, முன்னால் உருண்டையாக இரண்டு விளக்கு, உட்கார்ந்தால் பெருமூச்சு விடுகிற சீட்டு. அது போதும்.

சில வருஷங்களுக்கு முன்னால் ஒரகடம் பக்கம் ஒரு நெல் மில் கொட்டகையிலிருந்து அதை வாங்கினார். அப்போது அதற்குள் கோழிகள் குடியிருந்தன. கோழிகளைக் காலி செய்து, பெயிண்ட் அடித்து, சிட்லபாக்கத்துக்குக் கொண்டுவந்த அன்றே அது ‘எங்கப்பா கார்’ ஆகிவிட்டது. முதலில் வாட்ச்மேனிடம் சொன்னார். வாட்ச்மேன் நம்பினான். அப்புறம் எதிர் ஃபிளாட்காரரிடம் சொன்னார். அவரும் நம்பினார். மூன்றாவது தடவை சொல்லும்போது அவரே நம்பிவிட்டார்.

அப்பா பெரிய அதிகாரி. டிரைவர் ஓட்ட, பின் சீட்டில் இடது ஓரம் உட்கார்ந்து, இங்கிலீஷ் பேப்பர் படித்துக்கொண்டே ஆபீஸ் போவார். இதற்கு ஆதாரமாகப் புகைப்படமும் உண்டு. குரோம்பேட்டை ஸ்டுடியோ ஒன்றில் அப்பாவின் தலையை மட்டும் எடுத்து, கோட்டு போட்ட வேறு யாருடைய உடம்பிலோ பொருத்தி, பின்னால் காரையும் நிறுத்தி ஃப்ரேம் போட்டுக் கொடுத்தார்கள். கழுத்துதான் கொஞ்சம் நீளம். மற்றபடி கம்பீரம்.

அசல் அப்பா யார் தெரியுமா? குரோம்பேட்டையில் ஒரு தோல் கம்பெனியில் கிடங்கு குமாஸ்தா. பதப்படுத்தின ஈரத் தோல்களை எண்ணி எண்ணி அடுக்கச் செய்வதுதான் வேலை. சாயம் ஊறி நகமெல்லாம் நீலம் பாய்ந்திருக்கும். சைக்கிளில் போய் சைக்கிளில் வந்தவர். கார் சீட்டு எப்படி அமுங்கும் என்றுகூடத் தெரியாமல் செத்துப்போனவர். அந்த வாடை... உப்பும் சுண்ணாம்பும், அதற்கடியில் ஏதோ செத்து ரொம்ப நாளான மாதிரி ஒரு குமட்டலும். சட்டையில், தலைமுடியில், சாப்பாட்டு டப்பாவில், எதிலும் இருக்கும். கல்யாணமாகி வந்த புதிதில் மாமனாரோடு ஒரே வீட்டில் இருந்தவள் என்பதால் அபிதா அக்காவுக்கு மட்டும் இது தெரியும். வாயைத் திறந்ததில்லை.

அன்றைக்கு விழா. தென் சென்னைப் பாரம்பரிய வாகனக் காவலர் பேரவை. பெயர் எவ்வளவு நீளமோ உறுப்பினர்கள் அவ்வளவு குறைவு. அதிலும் தானாக நகர்கிற வண்டி வைத்திருப்பவர்கள் இன்னும் குறைவு. மேற்குத் தாம்பரத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில், ‘தலைமுறை வாகனக் குடும்பம்’ என்று சத்யநாராயணனுக்குக் கேடயம் கொடுக்கப்போகிறார்கள். அப்பாவைப் பற்றி அவர் பேச வேண்டும். ஒரே நிபந்தனை, எட்டரைக்குள் அந்தக் கார் மண்டப வாசலில் நிற்க வேண்டும். நிற்கவில்லை என்றால் கேடயம் செயலாளர் ஸ்ரீவத்சனுக்கு. ஸ்ரீவத்சனிடம் நிஜமாகவே தாத்தா கார் இருந்தது. சத்யநாராயணனுக்கு உள்ளுக்குள் அரித்தது அதுதான். இன்றைக்குப் போய்ச் சேரவில்லை என்றால், ‘நிஜமாவே அவங்கப்பா கார்தானா?’ என்று யாராவது ஒருவர் கேட்பார். ஒருவர் கேட்டால் போதும்.

படப்பையில் காருக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டு அவரும் அக்காவும் கிளம்பினார்கள். அக்கா முன் சீட்டில். பின் சீட்டில் இடது ஓரம் அந்த ஃப்ரேம் போட்ட படம், அதற்கு ஒரு ஜரிகைச் சால்வை. “வண்டலூர் சிக்னல்ல லாரிக்குப் பின்னால நிக்கறது இந்த வண்டிக்கு மரியாதை இல்லை” என்று கரசங்காலில் உள்ளே திருப்பினார்.

இடப்பக்கம் ஏரி. வலப்பக்கம் பெயர்ப் பலகை மட்டும் குடிவந்திருந்த வெற்று மனைகள், நனைந்து தொங்குகிற கொடிகள். தவளைச் சத்தம். வேறு வண்டி இல்லை.

டக்.

கதவுப் பூட்டு விடுபடுகிற சத்தம். உள்கூரை விளக்கு ஒரு கணம் பளிச்சென்று எரிந்தது... அடுத்த கணம் அதுவும் இல்லை, முன் விளக்குகளும் இல்லை. என்ஜின் மட்டும் இருட்டுக்குள் ஓடிக்கொண்டிருந்தது.

பிரேக் போட்டு ஓரம் கட்டினார். இறங்கிப் பார்த்தால் பின்னால் இடது கதவு ஒரு விரல்கடை திறந்திருக்கிறது. படம் சீட்டுக்குக் கீழே குப்புற விழுந்து கிடக்கிறது.

“சரியா சாத்தலை நீ” என்றார்.

“நான் அந்தப் பக்கமே போகலை. அது உங்கப்பா கதவுன்னு நீங்கதானே சாத்தினேள்?”

அவர் படத்தை நிமிர்த்தி வைத்து, கதவை அறைந்து சாத்தினார்.

அவருக்கு ஃப்யூஸ் விவகாரம் தெரியாது என்று நினைக்காதீர்கள். நன்றாகத் தெரியும். பேரவை ஆண்டு மலரில் கட்டுரையே எழுதியிருக்கிறார். ‘ஃப்யூஸ் என்பது வாகனத்தின் தியாகி. தான் எரிந்து குடும்பத்தைக் காப்பது.’ அதன் கடைசி வரி தடித்த எழுத்தில்: ‘ஒருக்காலும் ஈயத்தாள் சுற்றாதீர்!’

டாஷ்போர்டுக்கு அடியில், டிரைவர் முழங்காலுக்கு மேலே கறுப்பு மூடி. அக்கா போன் விளக்கைப் பிடித்தாள். அவர் தலைகீழாக நுழைந்து மூடியைக் கழற்றினார். உள்ளே வரிசையாக ஃப்யூஸ்கள். இப்போது வருகிற பிளாஸ்டிக் சமாசாரம் இல்லை. பீங்கான் குச்சிகள், சுண்டுவிரலில் பாதி, முதுகில் மெல்லிய உலோகப் பட்டை. ஒவ்வொன்றையும் இரண்டு பித்தளைப் பற்கள் கடித்துக்கொண்டிருக்கும்.

டெஸ்ட் லாம்ப் எடுத்தார். ஒரு சின்ன பல்பு, இரண்டு வயர், அவ்வளவுதான். ஒரு வயரின் கிளிப்பை வண்டியின் வெறும் இரும்பில் மாட்டிவிட வேண்டும். இன்னொன்றின் முனையை ஃப்யூஸின் இந்தத் தலையிலும் அந்தத் தலையிலும் வைத்துப் பார்க்க வேண்டும். இரண்டு பக்கமும் பல்பு எரிந்தால் ஃப்யூஸ் உயிரோடு இருக்கிறது. ஒரு பக்கம் மட்டும் எரிந்தால் போய்விட்டது. ஒவ்வொன்றாக வைத்துக்கொண்டே வந்தார். எரிந்தது, எரிந்தது... எரிந்தது, எரிந்தது... ஒன்றில் மட்டும் ஒரு தலை எரிந்து, மறு தலை இருட்டு.

அதைப் பிடுங்கினார். பட்டை நடுவில் அறுந்து, பீங்கான் மேல் கறுப்புத் தீற்றல்.

பழைய வண்டிகளில் வயரிங் கூட்டுக் குடும்பம் மாதிரி. எந்தக் காலத்திலோ யாரோ முன் விளக்கையும் உள்கூரை விளக்கையும் ஒரே ஃப்யூஸில் சேர்த்துவிட்டிருந்தார்கள். கதவு திறந்ததும் கூரை விளக்கு எரிந்திருக்கிறது, அந்த லைனில் எங்கோ ஷார்ட், ஃப்யூஸ் போய்விட்டது. கணக்கு நேராக வந்தது. மூடிக்குள் செருகியிருந்த ஒரே உதிரி ஃப்யூஸை எடுத்து, அதே ஆம்பியர்தானா என்று நிறம் பார்த்து, பற்களுக்கு நடுவில் அழுத்தினார். முன் விளக்குகள் எரிந்தன.

“பாத்தியா?” என்றார். கேடயம் அப்போதே கைக்கு வந்துவிட்ட குரல்.

“ஃப்யூஸ் போனா இன்னொன்னு போட வேண்டியதுதான மச்சான், இதுல பேய் எங்க வருது?” என்கிறாயா ஃபயாஸ்? சத்யநாராயணனும் அப்படித்தான் நினைத்தார்.

வண்டி நகர்ந்தது. கொஞ்ச தூரம் போனதும் அக்கா கண்ணாடியை இறக்கினாள்.

“ஏன்னா, ஏதோ வாடை வரலை?”

“சீட்டு. ஒரிஜினல் லெதர், மழைக்கு அப்படித்தான்.”

“ரெக்சின்தானே? நான்தான் கூட வந்து துணி எடுத்தேன்.”

ஏரிக்காற்று உள்ளே வந்தது. வாடை வெளியே போகவில்லை.

டக்.

கூரை விளக்கு பளிச். இருட்டு.

இந்தத் தடவை அவர் உடனே இறங்கவில்லை என்று அக்கா சொன்னாளாம். ஸ்டீயரிங்கைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தார். போன் அடித்தது. ஸ்ரீவத்சன்.

“சார், சீஃப் கெஸ்ட் வந்துட்டார். எங்க இருக்கீங்க? வண்டி ஸ்டார்ட் ஆச்சா, இல்ல நான் என் தாத்தா வண்டியைக் கொண்டாந்து வாசல்ல போடட்டுமா?”

“வந்துண்டே இருக்கேன்” என்று வைத்துவிட்டார். இறங்கினார். இடது பின் கதவு மறுபடியும் ஒரு விரல்கடை திறந்திருந்தது. படம் விழவில்லை. சீட்டில் சாய்ந்துதான் இருந்தது... ஆனால் வலப்பக்கம் தள்ளி. யாரோ உட்கார இடம் வேண்டும் என்று எடுத்து வைத்த மாதிரி.

உதிரி ஃப்யூஸ் இல்லை. சுற்றுமுற்றும் கடை இல்லை. அவர் மூளை வேலை செய்தது. கூரை விளக்கால்தானே தொல்லை? அதன் கண்ணாடி மூடியைத் திருகிக் கழற்றி, உள்ளே இருந்த பல்பை உருவிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். இனி கதவு திறந்தால் என்ன, மூடினால் என்ன?

ஃப்யூஸ்?

“உன் பையில ஈயத்தாள் ஏதாவது இருக்கா?”

“ஒருக்காலும் சுத்தாதேள்னு எழுதினேளே?”

“அது பொதுமக்களுக்கு.”

சுகர் இறங்கினால் வாயில் போட்டுக்கொள்ள அக்கா சாக்லேட் வைத்திருப்பாள். அதன் மேல்தாளை உரித்துக் கொடுத்தாள். எரிந்துபோன ஃப்யூஸின் மேல் அதை நாலு சுற்றுச் சுற்றி, தலையைத் தட்டி, பற்களுக்குள் திணித்தார். ஃப்யூஸ் என்றால் அளவுக்கு மேல் கரண்ட் வந்ததும் அறுந்துவிடும். ஈயத்தாள் சுலபத்தில் அறுகாது. எது வந்தாலும் தாங்கும்... எது வந்தாலும் உள்ளே விடும்.

முன் விளக்குகள் எரிந்தன. கிளம்பினார்கள்.

ஏரிக்கரை முடிகிற வளைவு. வாடை இப்போது வாடையாக இல்லை. ஒரு ஆள் மாதிரி இருந்தது என்றாள் அக்கா. பின்னால் ஒருவர் மூச்சு விட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தால் கழுத்துக்குப் பின்னால் தெரியுமே... அப்படி.

டக்.

முன் விளக்குகள் சோர்ந்து மஞ்சளாயின. அணையவில்லை. கூரையில் வெளிச்சம் இல்லை, பல்பு இல்லையே. ஆனால் வண்டிக்குள் வெளிச்சம் இருந்தது.

சத்யநாராயணனின் நெஞ்சிலிருந்து.

சட்டைப் பைக்குள் அந்தப் பல்பு எரிந்துகொண்டிருந்தது. எந்த வயரும் இல்லாமல். வெள்ளைச் சட்டை வழியாக மஞ்சளாக, பேனாவின் நிழலும் பேரவை பேட்ஜின் நிழலும் தெரிய... நெஞ்சுக்குள் யாரோ விளக்கு ஏற்றிவைத்த மாதிரி. ஒரு கை ஸ்டீயரிங்கில். இன்னொரு கையால் பையைத் தட்டினார். சுட்டது. எடுக்க முடியவில்லை. “போயிடு... போயிடு...” என்று முணுமுணுத்தாராம். ஃப்யூஸைத்தான் சொன்னார். எரிந்து அறுந்து போய்விடு, இருட்டாகிவிடட்டும் என்று. முன்னால் இரண்டு தடவையும் அது அப்படித்தான் அவரைக் காப்பாற்றியது. எதையும் பார்க்க விடாமல் அணைந்துபோனது. இந்தத் தடவை அது அணையாதபடி அவரே சுற்றிவைத்திருந்தார்.

நெஞ்சு வெளிச்சத்தில், பின் சீட்டு தெரிகிற கண்ணாடியைப் பார்த்தார்.

இரண்டு கைகள். முழங்கால் மேல் அந்த ஃப்ரேம் போட்ட படம். படத்தின் ஓரத்தைப் பிடித்திருந்த விரல்களில் நீலம் பாய்ந்த நகங்கள். முகம் இருக்க வேண்டிய உயரத்துக்கு வெளிச்சம் போகவில்லை. குனிந்து படத்தையே பார்த்துக்கொண்டிருப்பது மட்டும் தெரிந்தது.

அப்புறம் குரல். கோபமே இல்லை. நிஜமாகவே தெரியாமல் கேட்கிறவரின் குரல்.

“இது யாருடா, சத்யா?”

...

ரோஸி, பயமாக இருந்தால் நிறுத்திவிடுகிறேன். என்ன?

“ஐயோ, பாதியில விட்டா நான் எப்டி தனியா படியெறங்கறது? சொல்லி முடிங்க.”

சரி.

அக்கா திரும்பவில்லை. முன்னால் சாலையையே பார்த்தபடி, மெதுவாகச் சொன்னாள்: “சொல்லுங்கோ. கேக்கறாரோன்னோ.”

அவர் சொல்லவில்லை. வாழ்நாளெல்லாம் எந்தக் கேள்விக்கும் மூன்று பாயிண்டுகளாகப் பதில் சொன்ன மனிதர்... ஆக்சிலேட்டரை மிதித்தார். முடிச்சூர் வந்தது. கடைகள், பரோட்டாக் கல் சத்தம், ஷேர் ஆட்டோக்கள். ஒரு பைக்காரன் உள்ளே எட்டிப் பார்த்து, “தாத்தா, உள்ள லைட்டு எரியுது!” என்று கத்திவிட்டுப் போனான். எந்தத் தாத்தாவைச் சொன்னான் என்று தெரியவில்லை.

மண்டபத் தெரு. சீரியல் விளக்குத் தோரணம், அதில் சத்யநாராயணன் பெயர், பெயருக்குப் பின்னால் பட்டங்கள். தெரு முனை வருகிறபோது பின்னாலிருந்து மறுபடியும்...

“நான் இங்கேயே இறங்கிக்கட்டுமா?”

அக்காவுக்கு அது புரியவில்லை. அவருக்குப் புரிந்தது. அன்றிரவு மாத்திரை போட்டும் தூக்கம் வராமல், தானாகவே அக்காவிடம் சொன்னாராம். பள்ளிக்கூடத்துக்கு அப்பாதான் சைக்கிளில் கொண்டுவிடுவார். தினமும் தெரு முனையிலேயே நிறுத்திவிடுவார். வாசல் வரை வந்தால் மற்ற பையன்கள் மூக்கைப் பிடித்துக்கொள்வார்கள் என்று. தினமும் இதையே கேட்பார். பையனும் தினமும் ஒரே பதில்தான் சொல்வான்.

அன்றைக்கும் அதைத்தான் சொன்னார்.

“ம்.”

வண்டியை நிறுத்தினார். இடது பின் கதவு திறந்தது. மூடியது. அறைந்து அல்ல, பூட்டு விழுகிற சத்தம்கூடக் கேட்காதபடி பதவிசாக. சட்டைப் பை இருண்டது. முன் விளக்குகள் பளீரென்று எரிந்தன.

எட்டரைக்குச் சரியாக வண்டி மண்டப வாசலில் நின்றது. ஸ்ரீவத்சன் வந்து கைகொடுத்தார், முகத்தில் ஏமாற்றம்.

இப்போதாவது அவர் மேடையில் உண்மையைச் சொல்லியிருப்பார் என்று நினைக்கிறீர்கள் இல்லையா? பேச்சு பிரமாதமாம். எழுதி வைத்திருந்ததில் ஒரு வரி குறையவில்லை. அதிகாரி அப்பா, டிரைவர், இங்கிலீஷ் பேப்பர். ‘பின் சீட்டில் இடது ஓரம்’ என்ற இடத்தில் தாளை விட்டு நிமிர்ந்து வாசலைப் பார்த்தார். உருக்கம் என்று கூட்டம் கை தட்டியது.

கை தட்டல் கேட்டபோது அக்கா மண்டபத்தில் இல்லை. தெரு முனைக்குப் போயிருந்தாள். விளக்குக் கம்பத்தடியில் நின்று, “அப்பா... அப்பா...” என்று கூப்பிட்டுப் பார்த்தாள். யாரும் இல்லை. திரும்பி வந்து காரின் பின் கதவைத் திறந்தாள். படம் சீட்டில் கவிழ்த்து வைத்திருந்தது. ஜரிகைச் சால்வை மடித்திருந்தது. நாலாக அல்ல. நீளவாக்கில் இரண்டு விளிம்பும் நடுமுதுகுக்கு வர மடித்து, அப்புறம் மூன்றாக. மாமனார் எதையும் அப்படித்தான் மடிப்பார். வேட்டி, போர்வை, பேப்பர், எல்லாம். கிடங்கில் தோல் மடிக்கிற மடிப்பு அது.

மறுநாள் இரும்புலியூரிலிருந்து பாட்சா வந்து வண்டியைப் பார்த்தார். எலக்ட்ரிகல் வேலையெல்லாம் அவர்தான். ஈயத்தாளை உருவி எடுத்து மூக்கில் வைத்துப் பார்த்து, தூக்கிப் போட்டார். கூரைத் துணியை ஓரமாகப் பிரித்தார். வெகுநேரம் உள்ளே டார்ச் அடித்தார்.

“இன்னா சார், ரூஃப் லைட்டு எரிஞ்சுதுன்றீங்க? அந்த வயரு இங்கியே வெட்டிக்கீது பாருங்க. எலி கடிச்ச மாரி இல்ல, எவனோ கட்டிங் பிளேயர் போட்டு வெட்டிக்கீறான். எங்கியும் போவல, சும்மா தொங்கிகினு கீது. கோழி எச்சம்லாம் மேல காஞ்சிக்கீது சார்... எத்தினி வருசமோ. இதுல எப்டி லைட்டு எரியும், எப்டி ஃப்யூஸு போவும்?”

“லூஸ் காண்டாக்டா இருக்கும்” என்றார் சத்யநாராயணன்.

பாட்சா புது ஃப்யூஸ் போட்டார், இரண்டு தலையிலும் டெஸ்ட் லாம்ப் வைத்துக் காட்டினார், போய்விட்டார்.

வண்டி அதற்கப்புறம் மக்கர் பண்ணவில்லை. இன்று வரை ஒரு ஃப்யூஸ் போகவில்லை.

கதை அதோடு முடிந்திருந்தால் லச்சுவின் காது வெளுத்திருக்காது.

அவர்கள் ஃபிளாட் மூன்றாவது மாடி. விழா முடிந்த சில நாட்களிலேயே, விளக்கு வைக்கிற நேரத்துக்கு மாடிப்படியில் அந்த வாடை வர ஆரம்பித்தது. எதிர் ஃபிளாட்காரர் சாக்கடை அடைப்பு என்று புகார் கொடுத்தார். அசோசியேஷன் செயலாளர் லிஃப்டில் நோட்டீஸ் ஒட்டினார்: ‘ஈரக் காலுடன் நடைவழியை அசுத்தம் செய்வோர் மீது நடவடிக்கை எடுக்கப்படும்.’ யார் மீது என்று அவருக்கே தெரியவில்லை. ஏனென்றால் ஈரக் கால் தடம் தினமும் ஒரே இடத்தில்தான் இருந்தது. சத்யநாராயணன் வீட்டு மிதியடிக்கு முன்னால். ஜோடியாக, செருப்பில்லாத பாதங்கள்.

ஆனால் விரல்கள் கதவைப் பார்த்து இல்லை... படிக்கட்டைப் பார்த்து. கதவுக்கு முதுகு காட்டி ஒருவர் நிற்கிற மாதிரி.

அக்கா அதைப் பார்த்ததும் அங்கேயே உட்கார்ந்துவிட்டாளாம். வீட்டுக்கு யாராவது விருந்தாளி வந்திருக்கும்போது வேலையிலிருந்து திரும்பினால், மாமனார் உள்ளே வர மாட்டார். வாசலில் திரும்பி நிற்பார். தன் வாடை உள்ளே போகக் கூடாது என்று. யாராவது கூப்பிடுகிற வரை அப்படியே நிற்பார்.

“உள்ள வாங்கோப்பான்னு ஒரே ஒரு வார்த்தை சொல்லுங்கோ. நான் சொன்னா வரமாட்டேங்கறார். நீங்க சொல்லணும்.”

தினமும் கெஞ்சுகிறாள். சத்யநாராயணன் டிவி சத்தத்தை ஏற்றிவைத்துக்கொள்கிறார். ஷோகேஸில் கேடயம் மினுக்குகிறது. பேரவை அவரைத் தலைவராக்கப்போகிறதாம். இப்போது போய் வாயைத் திறந்து ‘அப்பா’ என்று வாசலைப் பார்த்துக் கூப்பிட்டால், எதிர் ஃபிளாட்காரர் காதில் விழாதா?

போன வாரம் லச்சு அங்கே போயிருந்தான். விளக்கு வைக்கிற நேரம். மூன்று பேரும் ஹாலில் உட்கார்ந்திருந்தார்கள். கதவு உள்பக்கம் தாழ் போட்டிருந்தது. டிவியில் ஏதோ ஓடிக்கொண்டிருந்தது. லச்சுதான் முதலில் பார்த்தான்.

தடம் மிதியடியில் இல்லை. வாசற்படிக்கு இந்தப் பக்கம், ஹால் டைல்ஸ் மேல். கதவை யாரும் திறக்கவில்லை. யாரும் கூப்பிடவும் இல்லை. அத்திம்பேர் உதடு அசையவே இல்லை என்று லச்சு சத்தியம் பண்ணுகிறான். ஜோடிப் பாதம், ஈரம் பளபளக்க... இன்னமும் வெளியே பார்த்தபடிதான். அவர்களுக்கு முதுகு காட்டி. அவர்களுக்கும் கதவுக்கும் நடுவில்.

லச்சு எழுந்தான். எப்படியாவது வெளியே போய்விட வேண்டும். போக வேண்டும் என்றால் அந்த இடத்தைத் தாண்டித்தான் போக வேண்டும். சுவரோடு ஒட்டிக்கொண்டு, மூச்சைப் பிடித்தபடி ஒவ்வொரு அடியாக வைத்தான். தாழ்ப்பாளுக்குக் கை நீட்டினான்.

அவன் பார்த்துக்கொண்டிருக்கும்போதே... உலர்ந்த டைல்ஸில், பழைய தடத்துக்குப் பக்கத்தில், புதிதாக ஒரு ஈரப் பாதம் விழுந்தது. அப்புறம் இன்னொன்று.

வழி விட்டு ஒதுங்கி நின்றது.